யார் வீட்டு அங்கிள்

டாலஸ் விமான நிலையத்தில் வந்து இறங்கியதும் அப்பா கேட்ட முதல் கேள்வி, திரும்பிப் போக டிக்கெட் எந்தத் தேதிக்குப் போட்டிருக்கிறாய் என்பது. நன்றாக இருக்கிறாயா என்றுகூடக் கேட்கவில்லை. எனக்குச் சுர்ரென்று கோபம் வந்துவிட்டது. ஃப்ரீவேயில் காப்பெலில் இருக்கும் எங்கள் வீடு வந்து சேரும்வரை நானும் பேசவில்லை, அவரும் பேசவில்லை.

அம்மா போன பிறகு கோயம்புத்தூர் வீட்டில் அவர் தனியாகத்தான் இருந்தார். ஒருநாள் குளியலறையில் வழுக்கி விழுந்து, எழுந்திருக்க முடியாமல் ஈரத்திலேயே கிடந்திருக்கிறார். முதல் நாள் போட்ட பால் பாக்கெட் பையிலேயே தொங்குவதைப் பார்த்துப் பால்காரர் பக்கத்து வீட்டில் சொன்னதால்தான் ஆள் பிழைத்தார். அதைக் கேட்ட நாளிலிருந்து எனக்கு ஒரே எண்ணம்தான். இவரை இனி அந்த வீட்டுக்குத் தனியாக அனுப்பக் கூடாது. கிரீன் கார்டுக்கு அப்ளை பண்ணலாம், எங்களோடேயே இருந்துவிடுங்கள் என்று நான் கெஞ்சாத வாரம் இல்லை. அவருக்கு அது காதிலேயே ஏறவில்லை. நான் ஒரே பெண். மகன் இருந்தால் அவன் வீட்டில் கால் மேல் கால் போட்டு உட்கார்ந்திருப்பார். மகள் வீடு என்றால் வேறு கணக்கு.

"விருந்தும் மருந்தும் மூணு நாளைக்குத்தான் அம்மிணி. பொண்ணு வூட்டுல எத்தன நாளைக்கு உக்காந்திருக்கறது? தீபாவளி முடிஞ்சதும் நான் போகோணும்" என்பார். மாப்பிள்ளை முன்னால் சோபாவில் முதுகைச் சாய்த்துக்கூட உட்கார மாட்டார். தண்ணீர் வேண்டுமென்றாலும் கேட்டுவிட்டுத்தான் எடுப்பார். பார்க்கப் பார்க்க எனக்கு எரிச்சலாகவும் இருக்கும், அழுகையாகவும் இருக்கும்.

அவருக்கு எங்கள் வீட்டில் பிடித்த ஒரே விஷயம், மாடியில் மூலையில் இருந்த விருந்தினர் அறை. "அந்த ரூம்ல நல்லாத் தூக்கம் வருது. தொணைக்கு ஆள் இருக்கற மாதிரி இருக்குது" என்று ஒருநாள் காலைக் காப்பியின்போது சொன்னார். எனக்குச் சந்தோஷமாக இருந்தது. கணவருக்கும் சொன்னேன்.

பகலில் அவருக்குப் பொழுது போக வேண்டுமே. அவர் கல்லூரியில் படித்த காலத்தில் கோயம்புத்தூரில் காலைக் காட்சியில் பார்த்த ஒரு பிரிட்டிஷ் படத்தைப் பற்றி அடிக்கடி சொல்வார். பெயர் நினைவில்லை. சாப்பாட்டு மேஜையில் எல்லோரும் சேர்ந்து ஒரு திருடனுக்கு உருளைக்கிழங்கு பரிமாறுவார்கள் என்பது மட்டும்தான் நினைவு. என் மகள் அதையே ஆங்கிலத்தில் டைப் செய்து, நடுநடுவே விளம்பரம் வரும் ஏதோ ஓர் இலவச ஆப்பில் அந்தப் படத்தைப் பிடித்துவிட்டாள். அன்றிலிருந்து தினமும் மத்தியானம் எங்கள் ஹாலில் அந்தக் கறுப்பு வெள்ளைப் படம்தான் ஓடும். அப்பா மில்லில் தறிகளுக்கு நடுவே சூப்பர்வைசராக இருந்தவர், காது கொஞ்சம் மந்தம். அதனால் சத்தம் வீடு முழுக்கக் கேட்கும்.

கதை இதுதான். கிராமத்து மாளிகை ஒன்றில் ஒரு கிழவர் இறந்துபோகிறார். சொத்துக்காக உறவுக்காரர்கள் வந்து குவிகிறார்கள். மழைக்கு ஒதுங்கிய ஒரு திருடனும் அவர்களோடு உள்ளே வந்துவிடுகிறான். அண்ணன் குடும்பம் அவனைத் தங்கை வீட்டு ஆள் என்று நினைக்கிறது, தங்கை குடும்பம் அண்ணன் வீட்டு ஆள் என்று நினைக்கிறது. நீ யார் என்று நேரே கேட்பது மரியாதை இல்லை என்பதால் யாரும் கேட்பதில்லை. அவன் வெள்ளிக் கரண்டிகளையெல்லாம் மடக்கிய குடைக்குள் போட்டு வைக்கிறான். தோட்டத்தில் மழை பிடித்துக்கொள்ள, குடையை விரியுங்கள் விரியுங்கள் என்று எல்லோரும் அவனை வற்புறுத்தும் காட்சியில் அப்பா கண்ணில் நீர் வரச் சிரிப்பார். கடைசியில் அந்த மாளிகையின் உண்மையான வாரிசு, வெளிநாட்டுக்குப் போய்விட்ட மகன், பல வருடங்கள் கழித்துத் திரும்பி வருகிறான். அவனை யாருக்கும் அடையாளம் தெரியவில்லை. திருடனை எங்கள் ஆள் என்று சத்தியம் செய்து, மகனைப் பிடித்துப் போலீசில் கொடுத்துவிடுகிறார்கள். அதற்கு முன்னால் அவன் தோட்டத்து இருட்டில் நின்று, தன் வீட்டில் யார் யாரோ சாப்பிடுவதை ஜன்னல் வழியாகப் பார்ப்பான். சிரிக்க வேண்டிய இடம் அது. அப்பா அங்கே மட்டும் சிரிக்க மாட்டார்.

எனக்கு அந்தப் படத்தோடு ஒத்துப்போகவில்லை. வீட்டிலிருந்து வேலை பார்க்கும் நாட்களில், கீழே அலுவலக அறையில் கதவைச் சாத்திக்கொண்டு உட்கார்ந்திருப்பேன். ஹாலில் தட்டும் கரண்டியும் மோதும் சத்தம், பெரிய கடிகாரத்தின் டக் டக், யார் யாரோ சிரிப்பது, எல்லாம் சுவருக்கு அந்தப் பக்கம் ஒரு விருந்து நடப்பது போலக் கேட்கும். எட்டிப் பார்த்தால் அப்பா மட்டும் நிமிர்ந்து உட்கார்ந்திருப்பார்.

அக்டோபரில் கொலு வந்தது. ஊரில் எங்கள் சொந்தக்காரர் வீடுகளில் கொலு வைக்கும் வழக்கமே கிடையாது. இங்கே வந்த பிறகு மகள் ஆசைப்பட்டாள், வைத்துவிட்டேன். ஊரில் இல்லாத பக்தியெல்லாம் காப்பெலில் வந்துவிடும். அதே மாதம்தான் தெருவில் ஹாலோவீன் அலங்காரமும். எதிர் வீட்டுப் புல்வெளியில் இரண்டு ஆள் உயரத்துக்கு ஒரு எலும்புக்கூடு நிறுத்தியிருந்தார்கள், பொழுது சாய்ந்தால் அதன் கண் நீலமாக எரியும். மின்கம்பிகள் முழுக்கக் கறுத்த கிராக்கிள் பறவைகள் வந்து உட்கார்ந்து கிறீச்சிடும். பட்டுப்புடவைக்காரர்கள் எலும்புக்கூட்டின் காலடியில் காரை நிறுத்திவிட்டு வந்து, என்னிடம் வெற்றிலை பாக்கும் சுண்டலும் வாங்கிக்கொண்டு போனார்கள்.

அந்தக் கூட்டத்தில்தான் அவர் இருந்தார். வெளியே வெயில் கொளுத்தியபோதும் பழுப்பு ஸ்வெட்டர் போட்டிருந்தார். ஊரிலிருந்து வரும் பெற்றோர்கள் ஏசிக்குப் பயந்து எல்லோரும் அப்படித்தான் போடுவார்கள். வெள்ளை வெளேரென்று தலைமுடி, நெற்றியில் கீற்றாக விபூதி. தெருமுனை வீட்டுக்காரரின் அப்பா வந்திருப்பதாகக் கேள்விப்பட்டிருந்தேன், அவர்தான் என்று நினைத்துக்கொண்டேன். வாங்க அங்கிள் என்றேன். நம் ஆட்களில் பெரியவர்களைப் பெயர் கேட்கும் வழக்கம் உண்டா என்ன? அங்கிள் என்றால் முடிந்தது. அந்த ஒரு சொல்லுக்குள் யாரும் வந்து உட்கார்ந்துகொள்ளலாம்.

அவர் ஒருநாள் வந்து போகிற ஆளாக இல்லை. தினமும் வந்தார். வாசலுக்குப் போய், வருகிறவர்களை வாங்க வாங்க உள்ள வாங்க என்று அழைத்தார். சுண்டல் வாங்காமல் போகிறவர்களைத் தடுத்து நிறுத்தி, கூச்சப்படாம சாப்பிடுங்க என்றார். என்னிடமும் அப்படியே சொன்னார். நான் காலையிலிருந்து நின்றுகொண்டே இருப்பதைப் பார்த்து, "உக்காருங்கம்மா, நம்ம வீடு மாதிரி நினைச்சுக்கோங்க" என்றார். தங்கமான மனிதர் என்று பெண்களெல்லாம் சமையலறையில் பேசிக்கொண்டோம்.

இன்னொன்றையும் கவனித்தேன். எங்கள் சமையலறைத் தொட்டிக்கு மேலே இரண்டு ஸ்விட்ச் உண்டு. ஒன்று விளக்கு, இன்னொன்று தொட்டிக்கு அடியில் மிச்சம் மீதியை அரைக்கும் இயந்திரம். எங்கள் வீட்டுக்கு வந்த விருந்தாளிகளில் தவறான ஸ்விட்சைத் தட்டி, அது கர்ரென்று உறுமியதும் துள்ளிக் குதிக்காதவர் ஒருவரும் இல்லை. அப்பா இன்றுவரை துள்ளுகிறார். இந்த அங்கிள் இருட்டில் கையை நீட்டி, பார்க்காமலே விளக்கைப் போட்டார். பரவாயில்லையே என்று மனதுக்குள் பாராட்டினேன்.

கொலு முடிந்த பிறகும் அவர் மத்தியானங்களில் வரத் தொடங்கினார். அப்பாவோடு உட்கார்ந்து அந்தப் படத்தைப் பார்ப்பார். இருவரும் அதிகம் பேசியதாகத் தெரியவில்லை. குடைக் காட்சிக்குச் சேர்ந்து சிரிப்பார்கள். மகன் ஜன்னலுக்கு வெளியே நிற்கும் இடம் வந்ததும் அங்கிள் எழுந்து மாடிப்படிக்கு அடியில் போய் நின்று, "கண்ணா, நேரமாச்சு, சாப்பிட வா" என்று மேலே பார்த்துக் கூப்பிடுவார். பள்ளி விட்டு வந்து மாடியில் இருக்கும் என் மகள், கமிங் தாத்தா என்று குரல் கொடுப்பாள். பேத்தி மாதிரி பாசம் என்று நினைத்துக்கொண்டேன்.

அப்பா மாறியதுதான் எனக்கு முக்கியம். சோபாவில் சாய்ந்து உட்கார ஆரம்பித்தார். டிக்கெட் பேச்சு குறைந்தது. ஒருநாள் எனக்கே காப்பி போட்டுக் கொண்டுவந்து கொடுத்தார். இன்னும் கொஞ்ச நாள் இப்படியே போனால் தானாகவே இருக்கிறேன் என்று சொல்லிவிடுவார் என்று நான் கடவுளுக்கு நேர்ந்துகொள்ளாத குறை.

இங்கே காப்பெலில் மாதத்தின் முதல் புதன்கிழமை மதியம் புயல் சைரனைச் சோதித்துப் பார்ப்பார்கள். நவம்பரில் அந்தச் சைரன் ஊளையிட்டபோது நான் அறைக்குள் மீட்டிங்கில் இருந்தேன். அப்பா பதறியிருக்க வேண்டும். "பயப்படாதீங்க, முதல் புதன்கிழமை இப்படித்தான் அடிக்கும்" என்று அங்கிள் சொல்வது கேட்டது. ஊரிலிருந்து வந்தவருக்கு இது எப்படித் தெரியும் என்று யோசித்துக்கொண்டிருக்கும்போதே அவர் காலடி மாடிப்படிப் பக்கம் போனது. "கண்ணா, ஒண்ணுமில்லப்பா, டெஸ்ட்தான்" என்றார். கொஞ்ச நேரம் சத்தமே இல்லை. பிறகு, "சரி சரி, நீ வேலையைப் பாரு" என்றார்.

மகள் பள்ளியில் இருந்தாள். கணவர் வழக்கம்போல வேறு ஊரில் கிளையண்ட் இடத்தில் இருந்தார். மாடியில் ஒரு ஈ காக்கை கிடையாது. மீட்டிங்கில் யாரோ என் பெயரைச் சொல்லி இரண்டு தரம் கூப்பிட்டும், சாத்திய கதவையே பார்த்துக்கொண்டிருந்தேன்.

அவர் போன பிறகு அப்பாவிடம், அவர் யாரைப்பா கூப்பிடுகிறார் என்று கேட்டேன். பாப்பாவைத்தானே என்றார் அப்பா. பாப்பா பள்ளிக்கூடத்தில் இருக்கிறாளே என்றேன். அவர் யார் என்று எனக்கென்ன தெரியும், நீதானே கூட்டிக்கொண்டு வந்தாய் என்றார்.

உடனே வாட்ஸ்அப் குழுவில் கேட்டேன், பழுப்பு ஸ்வெட்டர் அங்கிள் யார் வீட்டுக்காரர் என்று. தெருமுனை வீட்டுப் பெண்ணின் பதில்தான் முதலில் வந்தது. அவளுடைய மாமனார் ஆகஸ்டிலேயே ஊருக்குத் திரும்பிவிட்டாராம். இந்த அங்கிளை என் மாமனார் என்று அவள் நினைத்திருக்கிறாள். மற்றவர்களும் வரிசையாக அதையே எழுதினார்கள். கொலுவின்போது எடுத்த ஃபோட்டோக்களைப் பார்த்தேன். எல்லா ஃபோட்டோவிலும் குடும்பத்தின் நடுவில், நேராக நிமிர்ந்து, வீட்டுக்குப் பெரியவர் போல அவர் நின்றிருந்தார். தினமும் அப்பா பார்த்துச் சிரிக்கும் அந்தப் படத்துக்குள் நாங்களே போய் உட்கார்ந்திருந்தோம்.

கணவருக்கு ஃபோன் செய்தேன். வாசல் கேமராவைப் பார் என்றார். அன்று சாயங்காலம் மகளும் நானும் உட்கார்ந்து பழைய பதிவுகளையெல்லாம் ஓட்டிப் பார்த்தோம். தபால்காரர் வந்தார், பார்சல்காரர் வந்தார், எதிர் வீட்டு எலும்புக்கூடு காற்றில் ஆடியது. கொலு நாட்களில் வாசல்படியில் நின்று விருந்தாளிகளை அழைப்பது தெரிந்தது, ஆனால் அங்கிள் வெளியிலிருந்து வந்ததும் இல்லை, வெளியே போனதும் இல்லை. "மாம், ஹி நெவர் கம்ஸ் இன்" என்றாள் மகள் மெதுவாக. அரண்டவன் கண்ணுக்கு இருண்டதெல்லாம் பேய் என்று அவளுக்குத் தமிழில் தைரியம் சொன்னேன். சொல்லிவிட்டு, அவளை அன்று என்னோடேயே படுக்க வைத்துக்கொண்டேன்.

போலீசைக் கூப்பிடு, பூட்டை மாற்று என்றார் கணவர். அப்பாவுக்குப் பிடிக்கவில்லை. "வூட்டுக்கு வந்த மனுசனப் போலீசுல புடிச்சுக் குடுக்கறதா? சினிமாவுல பாத்தது பத்தாதா?" என்றார். அவர் என்னிடம் குரலை உயர்த்தி வருடங்கள் ஆகியிருந்தன. இதில் போய்த் தலையிட்டு, சாய்ந்து உட்கார ஆரம்பித்த மனிதரை மறுபடி நிமிர்த்திவிடுவேனோ என்று எனக்கு இன்னொரு பயம். ஆனால் மகள் இருக்கிற வீடு. நானே கேட்டுவிடுவது என்று முடிவு செய்தேன்.

அடுத்த நாள் ஹாலில் படத்தை ஓட விட்டுச் சமையலறையில் காத்திருந்தேன். பகலில் நாங்கள் பூட்டாமல் விடும் பின்பக்கத்துப் புழக்கடைக் கதவு திறக்கும் சத்தம் கேட்டது. அங்கே வருவதற்கான பக்கவாட்டு வேலிக் கதவைக் கொக்கியைத் தூக்கிவிட்டு இழுத்தால்தான் திறக்க முடியும், அது எங்களுக்கே பழக ஒரு மாதம் ஆனது. அவர் அந்த வழியாகத்தான் வந்துகொண்டிருந்தார். செருப்பைக் கழற்றி, மாடிப்படிக்குக் கீழே இருந்த சின்ன அலமாரியைத் திறந்து உள்ளே வைத்தார். ஆள் நிஜம்தான் என்று கொஞ்சம் மூச்சு வந்தது.

நீங்கள் யார் என்று கேட்க வாயைத் திறந்தேன். வரவில்லை. சத்தியமாக வரவில்லை. விபூதியோடு நிற்கும் பெரியவரை அப்படிக் கேட்க என் நாக்குக்குப் பழக்கமில்லை. அங்கிளுக்கு எந்த ஊர் என்று சுற்றி வளைத்தேன். கும்பகோணம் பக்கம் என்றார்.

"இங்க யார்கூட இருக்கீங்க அங்கிள்?"

"பையன்கூடத்தான்." அவர் என்னைக் கனிவாகப் பார்த்தார். "நானும் கேட்கணும்னு இருந்தேன், தப்பா நினைச்சுக்காதீங்கம்மா. நீங்கல்லாம் அவனோட ஃபிரண்ட்ஸா? எப்ப ஊருக்குக் கிளம்பறீங்க?"

என் சமையலறை. என் அடுப்பு. அடுப்பில் என் ரசம் கொதித்துக்கொண்டிருந்தது. அதன் முன்னால் நின்றுகொண்டு, நான் இந்த வீட்டில் யார் என்று எனக்கே ஒரு நிமிடம் சந்தேகம் வந்துவிட்டது. இத்தனை நாளாக நாங்கள் அவரைக் கேட்கக் கூச்சப்பட்டோம். அவர் எங்களைக் கேட்கக் கூச்சப்பட்டுக்கொண்டு, வந்தவர்களுக்குக் குறை வைக்காமல் உபசரித்துக்கொண்டிருந்திருக்கிறார்.

அன்று சாயங்காலமே அங்கிளுடைய மகள் வந்து வாசல் மணியை அடித்தாள். குழுவில் நான் போட்ட செய்தி யார் யாரிடமோ போய் அவளைச் சேர்ந்திருக்கிறது. என் வயதுதான் இருக்கும், ஆஸ்பத்திரிச் சீருடையில் இருந்தாள். உள்ளே வரச் சொன்னேன், வரவில்லை. அவள் கண் எனக்குப் பின்னால் மாடிப்படியையே பார்த்தது.

"இது எங்க அண்ணன் வீடுங்க" என்றாள்.

நடந்ததை வாசலில் நின்றே சொன்னாள். அவள் அப்பாவும் அண்ணன் குடும்பமும் இந்த வீட்டில்தான் இருந்திருக்கிறார்கள். ஒரு சனிக்கிழமை, மாடி மூலை அறையில் படுத்திருந்த அண்ணன் தூக்கத்திலேயே போய்விட்டார். முந்தின நாள் வரை நன்றாக இருந்தவர். அண்ணியும் குழந்தைகளும் வெளியே போயிருந்தார்கள். "அப்பாவுக்கு முட்டிவலி, மாடி ஏற மாட்டார். படிக்குக் கீழ நின்னு சாப்பிட வா சாப்பிட வான்னு கூப்பிட்டுக்கிட்டே இருந்திருக்கார். அண்ணி திரும்பி வர்ற வரைக்கும் கூப்பிட்டிருக்கார்." அண்ணி பிஸ்கட்டவே என்ற ஊரில் இருக்கும் தன் அக்கா வீட்டுக்குப் போய்விட்டாள், வீடு விலைக்கு வந்தது. அப்பா இப்போது நாலு தெரு தள்ளி இவளோடு இருக்கிறார். காலையில் தெளிவாக இருப்பார், மத்தியானம் ஆனால் எல்லாம் கலைந்துவிடும். வாக்கிங் போகிறேன் என்பார். இவள் டியூட்டியில் இருப்பாள், எங்கே போகிறார் என்று தெரியாது. இனிமேல் வர மாட்டார், ஆள் போடுகிறேன், கதவைப் பூட்டிவிட்டுப் போகிறேன் என்று கைகூப்பி மன்னிப்புக் கேட்டாள்.

வீடு வாங்கும்போது கிழக்குப் பார்த்த வாசலா என்று கேட்டோம். பள்ளிக்கூட ரேட்டிங் கேட்டோம். தெருவில் நம் ஆட்கள் எல்லோரும் எங்களுக்குப் பிறகு குடிவந்தவர்கள். இதை யாரும் சொல்லவில்லை, நாங்களும் கேட்கவில்லை. மாமியார் காதுக்குப் போனால் வீட்டையே மாற்றச் சொல்வார். எனக்கும் பயம்தான், பொய் சொல்வானேன். தொணைக்கு ஆள் இருக்கற மாதிரி இருக்குது என்று அப்பா சொன்னது மறுபடி மறுபடி காதில் விழுந்தது. மாடிக்குத் துணி மடித்து எடுத்துப் போகும்போது அந்த மூலையைப் பார்க்காமலே நடந்தேன்.

அப்பாவிடம் சொல்லித்தான் ஆக வேண்டும். அவர் படுக்கும் அறை. சொன்னேன். அவர் பயப்படவில்லை. டிவியில் அந்த மகன் தோட்டத்தில் நின்றுகொண்டிருந்தான், அப்பா ரிமோட்டை எடுத்து அணைத்தார். அதற்குப் பிறகு அவர் அந்தப் படத்தைப் போடவில்லை. கீழே வேறு அறையில் படுங்கள் என்றதற்கும் மாட்டேன் என்றுவிட்டார்.

அங்கிள் வராத மத்தியானங்களில் வீடு ரொம்ப அமைதியாக இருந்தது. சில சமயம் அந்த நேரத்துக்கு என் காதே படிக்கட்டுப் பக்கம் போகும். அப்பா மறுபடி நிமிர்ந்து உட்கார ஆரம்பித்தார். தண்ணீர் எடுக்கட்டுமா என்று கேட்டார். தீபாவளி போய்விட்டதே, இன்னும் என்ன என்றார். மாடியிலிருந்து பெட்டியை இறக்கி, எடை பார்க்கச் சொன்னார். நான் சண்டை போட்டேன், அழுதேன், அந்தக் குளியலறையை நினைவுபடுத்தினேன். "வுழுந்தா என்ற வூட்டுல வுழுகறேன்" என்றார். அதற்கு மேல் என்ன பேசுவது?

கிளம்பும் நாள் வந்தது. அந்த அங்கிளை ஒரு தடவை பார்த்துச் சொல்லிவிட்டுப் போக வேண்டும் என்று அப்பா சொன்னது எனக்கே ஆச்சரியம். அந்தப் பெண்ணுக்கு ஃபோன் செய்தேன். தயங்கினாள், பிறகு சரி என்றாள். மதியம் சாப்பாடு முடிந்து, பெட்டி படிக்கட்டுக்கு அடியில் தயாராக இருந்தபோது பின்பக்கக் கதவு திறந்தது. அங்கிள் முன்னால் வந்தார், செருப்பை அலமாரியில் வைத்தார். அவருக்குப் பின்னால் வந்த அவர் மகள், அண்ணன் வீட்டுக்குள் அன்றுதான் மறுபடி கால் வைத்தாள்.

பெட்டியைப் பார்த்ததும் அவர் முகம் வாடிவிட்டது.

"என்ன, கிளம்பிட்டீங்களா? யாராவது ஏதாவது சொன்னாங்களா?"

"அதெல்லாம் இல்லீங்" என்றார் அப்பா. "வந்து ரொம்ப நாளாச்சுங்க. எத்தன நாளைக்குங்க இருக்கறது."

"நல்லாருக்கே பேச்சு. இருங்க, அவன்கிட்டயே கேட்டுடறேன்."

கைப்பிடியைப் பிடித்துக்கொண்டு முதல் படியில் ஒரு காலை வைத்து, மேலே நிமிர்ந்தார். அவர் மகள் அப்பா என்று தடுக்கப் போனாள். என் அப்பா கையைக் காட்டி அவளை நிறுத்தினார்.

"கண்ணா, இவர் போறேங்கறார்ப்பா. கொஞ்ச நாள் இங்கயே இருக்கட்டும், என்ன?"

ஃபிரிட்ஜ் ஓடும் சத்தம் மட்டும் கேட்டது. நான் மாடியைப் பார்க்கக் கூடாது என்று நினைத்துக்கொண்டே பார்த்தேன். மூலை அறைக் கதவு, அப்பா விட்டுவிட்டு வந்தபடி, முக்கால்வாசி சாத்தியிருந்தது. அங்கிள் காதைச் சாய்த்துக் காத்திருந்தார். அவ்வளவு நேரம் ஒரு மனிதர் பதிலுக்குக் காத்திருந்து நான் பார்த்ததில்லை. பிறகு அவர் முகம் மலர்ந்தது. தலையை ஆட்டினார்.

"இருக்கச் சொல்றான்" என்றார் அப்பாவிடம் திரும்பி. "எத்தனை நாள் வேணும்னாலும் இருக்கலாமாம்."

அந்தப் பெண் வாயைப் பொத்திக்கொண்டு சுவரில் சாய்ந்துவிட்டாள். அப்பா அங்கிளைப் பார்த்தார், அவருக்கு மேலே மாடியையும் ஒருமுறை பார்த்தார். நம்பினாரா, அந்த மனிதருக்காகச் செய்தாரா என்று எனக்கு இன்றும் தெரியாது. நானும் கேட்டதில்லை. சோபாவுக்குப் போய், முதுகை நன்றாகச் சாய்த்து உட்கார்ந்தார். பக்கத்தில் அங்கிளுக்கு இடம் விட்டார்.

"வூட்டுக்காரரே சொன்னதுக்கு அப்பறம் என்ன அம்மிணி" என்றார். "பொட்டியக் கொண்டுபோயி மேல வையி."

நான் ஆறு மாதமாகக் கெஞ்சியது. யார் கெஞ்சி நடந்தால் என்ன, நடந்தது போதும். கண்ணைத் துடைத்துக்கொண்டு பெட்டியைத் தூக்கினேன். ஹாலில் படம் ஓட ஆரம்பித்திருந்தது, தட்டும் கரண்டியும் மோதும் சத்தம் எனக்குப் பின்னாலேயே படியேறி வந்தது. மூலை அறை வாசலில் பெட்டியைக் கீழே வைத்தேன். உள்ளே போவதற்கு முன் கதவைத் தட்டினேன்.